ஸ்கெட்ச்சை எங்கே வெட்டுவது? பிரிட்டிஷ் டார்க் காமெடியின் கட்டுமானம்

அரைப்பக்கம்:

ஸ்கெட்ச் என்றால் சில நிமிடமே ஓடும் தனி நகைச்சுவைத் துண்டு. மான்டி பைத்தான் குழுவின் செத்த கிளி ஸ்கெட்ச்சில் தொடங்கி லீக் ஆஃப் ஜென்டில்மென், ஜாம் போன்ற டிவி நிகழ்ச்சிகள் வரைக்கும் பிரிட்டிஷ்காரர்கள் சாவு, கொலை, நரமாமிசம், மறதிநோய் எதையும் விட்டுவைக்கவில்லை. சிரிப்பும் வருகிறது. அதே விஷயத்தை வேறு யாராவது தொட்டால் பெரும்பாலும் முகம் சுளிப்பதோடு முடிந்துவிடுகிறது. துணிச்சல் மட்டும் காரணமாக இருக்க முடியாது, எழுதிக் கட்டும் விதத்தில்தான் ஏதோ இருக்கிறது.

மூன்று கேள்வி. இருட்டு எந்த இடத்தில் உள்ளே வரணும்? நடிப்பு எந்த அளவில் இருக்கணும்? கடைசியாக, எப்படி முடிப்பது? மூன்றாவதுதான் பெரிய தலைவலி. பஞ்ச், அதாவது சிரிக்க வைக்கும் கடைசி வரி, வைத்தால் அதுவரை சேர்ந்த கனம் கலைந்துவிடுகிறது. வைக்காவிட்டால் பாதியில் கரண்ட் போன மாதிரி நிற்கிறது. எந்த ஸ்கெட்ச், எந்த வருஷம், எந்த இடத்தில் என்று குறிப்பிட்டு எழுதினால் போட்டுப் பார்க்க வசதியாக இருக்கும்.

தெற்குவாசல்:

மூன்றாவது கேள்வியிலிருந்தே தொடங்கலாம். 1969-ல் பைத்தான் குழுவை அதிகம் உறுத்தியது அதுதான்.

அதற்கு முன்பு மேடையிலும் டிவியிலும் ஸ்கெட்ச் என்றால் ஒரு தொடக்கம், இரண்டு மூன்று ஏற்றம், கடைசியில் ஒரு பஞ்ச், விளக்கு அணையும். கடைசி வரி சப்பென்று இருந்தால் முன்னால் ஓடிய நாலு நிமிடமும் வீண். 1969 மார்ச்சில் ஸ்பைக் மில்லிகனின் கியூ5 என்ற ஸ்கெட்ச் நிகழ்ச்சி பிபிசி2-ல் வந்தது. ஒரு ஸ்கெட்ச் தளர்கிறது என்று பட்டால் மில்லிகன் அதை அங்கேயே போட்டுவிட்டு அடுத்ததுக்குப் போய்விடுவார். பின்னால் வந்த கியூ வரிசைகளில் (சீரிஸ்களில்) நடிகர்கள் எல்லோரும் வேஷத்தை விட்டுவிட்டு, காமிராவை நோக்கி அடிமேல் அடி வைத்து வந்தபடி "இப்ப என்ன பண்றது, இப்ப என்ன பண்றது" என்று கோரஸாகச் சொல்வார்கள். உடையில் பிபிசி உடைப் பிரிவின் அட்டைச்சீட்டு தொங்கிக்கொண்டே இருக்கும். கியூ5-ஐப் பார்த்துத்தான் பைத்தான் குழுவின் டெர்ரி ஜோன்ஸுக்குப் பொறி தட்டியது. கியூ5-ஐ இயக்கிய இயான் மெக்நாட்டனே பைத்தானுக்கும் வந்தார். முதல் நாலு எபிசோடின் ஸ்டூடியோ பகுதியை மட்டும் ஜான் ஹோவர்ட் டேவிஸ் இயக்கினார்.

ஆனால் பஞ்சை எடுத்த இடத்தை அவர்கள் காலியாக விடவில்லை. டெர்ரி கில்லியமின் வெட்டு அனிமேஷன் இருந்தது. ஒரு ஸ்கெட்ச்சின் கடைசி முகத்தையோ பொருளையோ பிடித்துக்கொண்டு, விக்டோரியா காலத்துப் படங்களை வெட்டி ஒட்டி, அடுத்த ஸ்கெட்ச்சின் வாசலில் கொண்டுபோய் இறக்கிவிடும். கிரஹாம் சாப்மன் செய்த கர்னல் இருந்தார். சீருடையோடு உள்ளே வந்து, இது ரொம்பப் பைத்தியக்காரத்தனமாகப் போகிறது, நிறுத்துங்கள் என்று உத்தரவு போடுவார். அதுவும் இல்லை என்றால் பாத்திரங்களே தாங்கள் டிவிக்குள் இருப்பதைக் கண்டுகொள்வார்கள். 1970-ன் இரண்டாவது வரிசையில் ஸ்பானிஷ் இன்க்விசிஷன் வரும் எபிசோடின் கடைசியைப் பாருங்கள். கார்டினல்கள் பஸ் ஏறி நீதிமன்றத்துக்கு விரைகிறார்கள், அதற்குள் நிகழ்ச்சியின் கடைசியில் வரும் பெயர்ப்பட்டியல் எழுத்து ஓட ஆரம்பித்துவிடுகிறது. யார் பெயர் ஓடுகிறது என்று பார்த்துப் பார்த்துப் பதறுகிறார்கள். கதவை உடைத்து உள்ளே பாயும்போது நிகழ்ச்சியே முடிந்துவிடுகிறது. அங்கே எழுத்து ஓடுவதுதான் பஞ்ச்.

கரிசல்காடு:

நல்ல தகவல் சார். ஆனா ஒரு ஆட்சேபணை. பஞ்ச் வேண்டாம்னு சொன்னது பைத்தானுக்குப் பொருந்தும். அதுக்கு அப்புறம் வந்தவங்க நிறைய பேர் முடிவு எழுத வராததை ஸ்டைல்னு சொல்லித் தப்பிச்சிட்டாங்க. கர்னல் வந்து நிறுத்துறது ரெண்டு தடவை நல்லாருக்கு. எல்லாரும் செஞ்சா அதுவே தேய்ஞ்ச பஞ்ச் ஆயிடும். செத்த கிளியையே எடுத்துக்குங்க. ஆரம்பம் அபாரம், கடைசி ஒரு நிமிஷம் தொய்வு. எனக்கு அது முடியாத ஸ்கெட்ச்தான்.

தெற்குவாசல்:

செத்த கிளியின் பின்பாதி தளர்வு என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் முன்பாதி எப்படிக் கட்டப்பட்டிருக்கிறது என்று பார்த்தால் அரைப்பக்கத்தின் முதல் இரண்டு கேள்விக்கும் பதில் கிடைக்கும்.

அதன் மூலம் 1968-ல் வந்த ஹவ் டு இர்ரிட்டேட் பீப்பிள் என்ற நிகழ்ச்சியில் இருக்கிறது. பழுதான காரைத் திருப்பித் தர வருகிறவரும், பழுதே இல்லை என்று சாதிக்கும் கார் வியாபாரியும். அங்கே இருட்டு கிடையாது, வெறும் எரிச்சல். ஜான் கிளீஸும் சாப்மனும் அதைத் திரும்ப எழுதியபோது காரின் இடத்தில் கிளி வந்தது. கிளி சாப்மனின் யோசனை. கார் பழுதா இல்லையா என்பதில் வாதத்துக்கு இடம் உண்டு. கிளி செத்ததில் இடமே இல்லை. எதிர்வாதத்துக்கு ஒரு நூல் அளவு கூட வழியில்லாத நிலையில் கடைக்காரர் வாதாடிக்கொண்டே இருக்கிறார், சிரிப்பின் எஞ்சின் அதுதான்.

வரிசையைக் கவனியுங்கள். முதல் சில வரிகளிலேயே வாடிக்கையாளராக வரும் கிளீஸ் கிளி செத்துவிட்டது என்று சொல்லிவிடுகிறார். அதாவது இருட்டை மறைத்து வைத்துக் கடைசியில் திறக்கவில்லை, வாசலிலேயே வைத்துவிட்டார்கள். கடைக்காரர் முதலில் தூங்குகிறது என்கிறார். பிறகு கூண்டைத் தானே இடித்துவிட்டு, அசைந்தது பார் என்கிறார். பிறகு நார்வே ஃபியோர்டுகளை நினைத்து ஏங்குகிறது. ஒவ்வொரு சாக்கும் முந்தையதைவிட ஒரு படி மேலே. கிளியை ஆணி அடித்து நிறுத்தியிருக்கிறது என்ற தகவல் நடுவில் வருகிறது, தொடக்கத்தில் அல்ல. அதற்கும் கடைக்காரரிடம் காரணம் இருக்கிறது, அடிக்காவிட்டால் கம்பியை வளைத்துக்கொண்டு பறந்துவிடுமாம். அதற்குப் பிறகுதான் கிளீஸ் சாவுக்கு இருக்கும் அத்தனை மங்கல வழக்கையும் கொட்டித் தீர்க்கிறார். அந்தப் பட்டியல் முதல் நிமிடத்தில் வந்திருந்தால் வெறும் வார்த்தை விளையாட்டு. அத்தனை மறுப்புக்குப் பிறகு வருவதால் அது வெடிப்பு.

கடைக்காரராக நடித்த மைக்கேல் பேலின் ஒரு இடத்தில் கூட ஏமாற்றுக்காரனின் முகத்தைக் காட்டுவதில்லை. சாதாரணக் கடைக்காரருக்குள்ள லேசான சங்கடம், அவ்வளவே. அங்கே கண் சிமிட்டியிருந்தால் ஸ்கெட்ச் காலி.

அரைப்பக்கம்:

அப்படியானால் ஒரே ஒரு கோணல்தான் இருக்கணும், மற்றதெல்லாம் நேராக இருக்கணும் என்று எடுத்துக்கொள்ளலாமா?

இரண்டாம்காட்சி:

அதேதான். இந்த விதியைச் சுத்தமாகப் பார்க்கணும் என்றால் பிக் ட்ரெயின் என்ற ஸ்கெட்ச் நிகழ்ச்சியைப் பாருங்கள். பிபிசி2, 1998-லும் 2002-லும் ஆறு ஆறு எபிசோடாக இரண்டு வரிசை. சைமன் பெக், மார்க் ஹீப், கெவின் எல்டன், ஜூலியா டேவிஸ், அமீலியா புல்மோர். அதில் ஒரு வனவிலங்கு ஆவணப்படம் வரும். புல்வெளியில் குதிரைப் பந்தய ஜாக்கிகள் கூட்டமாக மேய்கிறார்கள், பாடகர் பிரின்ஸ் பதுங்கிவந்து ஒருவரை அடித்து வீழ்த்துகிறார். கோணல் அந்த ஒன்றுதான். வர்ணனைக் குரல், தூரத்து லென்ஸ், காத்திருக்கும் நேரம், துரத்தலை வெட்டும் விதம் எல்லாம் நிஜ ஆவணப்படத்தின் இலக்கணம். குரல் கொடுப்பவர் ஒரு இடத்தில் வேடிக்கையாகப் பேசியிருந்தாலும் எடுபட்டிருக்காது.

புதிதாக எழுதுகிறவர்கள் சறுக்குவது இங்கேதான். கோணலான நிலைமையில் கோணலான ஆட்களை வைக்கிறார்கள். பிணத்தோடு ஒருவன் வருகிறான், அலுவலகத்தில் இருப்பவனும் விசித்திரமானவன், உடை விசித்திரம், பேச்சும் விசித்திரம். எதை அளவுகோலாக வைத்து எது விலகியிருக்கிறது என்று பார்ப்பவருக்குப் புரிவதில்லை.

பிரிட்டிஷ்காரர்களுக்கு இந்த நேரான பக்கம் எளிதாகக் கிடைக்கிறது. மரியாதை, வரிசை, அலுவலக நடைமுறை, தொழில் பெருமை. பீட்டர் குக்கின் ஒற்றைக்கால் ஸ்கெட்ச்சில் ஒரே கால் உள்ள நடிகர் டார்ஜான் வேஷத்துக்கு வருகிறார். ஸ்கெட்ச் முழுக்க நடப்பது என்ன? தயாரிப்பாளர் அவரைப் புண்படுத்தாமல் மறுக்கப் பாடுபடுகிறார். உங்கள் வலது காலைப் பற்றி எனக்கு ஒரு குறையும் இல்லை என்று ஆரம்பிக்கிறார். அந்த நாகரிகம்தான் நகைச்சுவையின் சரக்கு. குறையைக் கிண்டல் செய்யும் ஒரு வரி கூட அவர் வாயிலிருந்து கேலியாக வராது. பைத்தானின் முதல் வரிசையில் மிட்டாய்க்காரரும் அப்படித்தான். சாக்லேட்டுக்குள் முழுத் தவளை இருக்கிறது என்று போலீஸ் கேட்டால், எலும்பை எடுத்துவிட்டால் மொறுமொறுப்பு போய்விடுமே என்கிறார். தன் சரக்கின் தரத்தில் அவருக்கு உண்மையான அக்கறை.

மைக்செட்:

சத்தத்தைப் பத்தி யாரும் பேசலையே. டார்க் காமெடியில பாதி வேலை சத்தம்தான்.

கூன் ஷோங்கிற நகைச்சுவை நிகழ்ச்சியிலேருந்து வருவோம். 1951 முதல் 1960 வரை பிபிசி வானொலி. மில்லிகன், பீட்டர் செல்லர்ஸ், ஹாரி சீகம்ப், ஆரம்பத்துல மைக்கேல் பென்டைனும். மில்லிகன் பீரங்கிப் படையில இருந்து வட ஆப்பிரிக்கா, இத்தாலின்னு சண்டை போட்டவர், இத்தாலியில மார்ட்டர் குண்டு வெடிச்சு காயம்பட்டவர். அவர் எழுதுனதுல குண்டு வெடிக்கிறது, ஆள் சிதறுறது எல்லாம் சர்வசாதாரணம். ப்ளூபாட்டில்ங்கிற சின்னப் பையன் பாத்திரம் குண்டு வெடிச்சு சாவான், அடுத்த வாரம் திரும்பி வருவான். ரேடியோவுல ரத்தம் தெரியாது. அதனால சத்தத்தோட அளவும் இடைவெளியும் எல்லாத்தையும் தீர்மானிச்சுது. காலடி சத்தம் சாதாரணமா எவ்வளவு நேரம் வரணுமோ அதைவிட ரொம்ப நீளமா ஓடும், அந்த நீளமே சிரிப்பு. சொத்துன்னு விழுற சத்தத்துக்காக மில்லிகன் பிபிசி கேன்டீன்ல கஸ்டர்டு செய்யச் சொல்லி, அதை சாக்ஸ்ல ஊத்தி அடிச்சுப் பாத்தவர்.

இன்னொரு முனை கிறிஸ் மோரிஸ். ப்ளூ ஜாம், பிபிசி ரேடியோ 1, 1997 முதல் 1999 வரை, நள்ளிரவுக்கு மேலதான் ஒலிபரப்பு. மெதுவான ஆம்பியன்ட் இசை ஓடிக்கிட்டே இருக்கும், ஸ்கெட்ச் அதுக்குள்ளேருந்து மிதந்து வரும், திரும்ப அதுக்குள்ளயே கரைஞ்சிடும். கரிசல்காடு கேட்ட முடிவுப் பிரச்சினைக்கு இது நேரடியான தீர்வு. பஞ்ச் இல்ல, வெட்டும் இல்ல, ஃபேட், அதாவது மெல்ல மங்கி மறையறது. பேச்சு முடியறதுக்கு முன்னாடியே இசை மேல ஏறும். கேக்கறவனுக்கு முடிஞ்சுதா இல்லையான்னே தெரியாது. நடிகர்களும் தணிஞ்ச குரல்ல, வாக்குமூலம் கொடுக்கிற மாதிரி பேசுவாங்க.

அதையே 2000-ல சேனல் 4-ல ஜாம்னு ஆறு எபிசோடா எடுத்தாங்க. நடுவுல விளம்பர இடைவேளை இல்ல, முதல்லயும் கடைசியிலயும் பெயர் ஓடாது. சில ஸ்கெட்ச்ல ரேடியோ ஒலிப்பதிவையே ஓடவிட்டு நடிகர்கள் வாயசைச்சாங்க. படத்தையும் மங்கலாக்கி, வேகத்தைக் கொறச்சு, வாயும் சத்தமும் லேசா ஒட்டாத மாதிரி ஆக்கிட்டாங்க. பார்க்கறவனுக்கு எதுன்னு சொல்லத் தெரியாத ஒரு சங்கடம் வரும்.

கரிசல்காடு:

அந்த ஜாமைத்தான் நான் சொல்ல வந்தேன். குழந்தை இறந்துபோன தாய் பிளம்பரைக் கூப்பிட்டு, சரி பண்ணிக் கொடுங்கன்னு கேக்குற ஸ்கெட்ச். அது காமெடியா? எனக்குச் சிரிப்பே வரலை. அதிர்ச்சி கொடுத்துட்டா நகைச்சுவைன்னு ஆயிடுமா?

இரண்டாம்காட்சி:

அதிர்ச்சி மட்டும் என்றால் உங்கள் பக்கம் நிற்பேன். ஆனால் அந்த ஸ்கெட்ச்சில் தாய் கத்தவில்லை, அழவில்லை. வீட்டில் ஒரு வேலை, செய்ய ஆள் வேண்டும், அவ்வளவுதான் என்ற தொனி. பிளம்பர் இது என் வேலை இல்லை என்று சரியாகத்தான் தயங்குகிறார். பிறகு காசு பேசப்படுகிறது. காசு வந்ததும் அவர் குழாயை எடுக்கிறார். துக்கம் தாங்காமல் புத்தி தடுமாறிய ஒருத்தியும், வாடிக்கையாளர் சொன்னால் மறுக்கத் தெரியாத ஒருவரும். இரண்டுமே நிஜ மனிதர்களின் குணம். எனக்கு அதில் சிரிப்பும் துக்கமும் ஒரே நேரத்தில் வருகிறது. அந்த ஒரு ஸ்கெட்ச்சுக்காகவே ஜாமுக்கு வாதாடுவேன். அதே வரிசையில் வெறுமனே அருவருப்பாக நிற்கும் துண்டுகளும் இருக்கின்றன, அவற்றில் எதிர்ப்பக்கம் நிற்க ஒரு நேரான ஆள் இல்லை.

தெற்குவாசல்:

அருவருப்பை எப்படிச் சமாளிப்பது என்பதற்கு நேர்மாறான தீர்வு 1970 டிசம்பர் 22-ல் ஒளிபரப்பானது. பைத்தான் இரண்டாம் வரிசையின் கடைசி எபிசோடு, கடைசி ஸ்கெட்ச். இறந்துபோன அம்மாவை மூட்டையில் எடுத்துக்கொண்டு ஒருவர் சவ அடக்கக் கடைக்கு வருகிறார். கடைக்காரர் மூன்று வழி சொல்கிறார்: புதைக்கலாம், எரிக்கலாம், தேம்ஸில் வீசலாம். மூன்றையும் விலைப்பட்டியல் சொல்வது போல ஒரே தொனியில் விளக்குகிறார். பிறகு மூட்டையைத் திறந்து பார்த்துவிட்டு, சமைத்துச் சாப்பிடலாமே என்கிறார்.

பிபிசி தயங்கியது. அனுமதித்தது ஒரு நிபந்தனையோடு: ஸ்டூடியோ பார்வையாளர்கள் தங்கள் வெறுப்பைக் காட்டவேண்டும். அதன்படி பார்வையாளர்கள் கூச்சல் போட்டு, கடைசியில் இருக்கைகளை விட்டு மேடைக்கு இறங்கி ஓடி வருகிறார்கள். உடனே தேசிய கீதம் ஒலிக்கிறது, எல்லோரும் அப்படியே அசையாமல் நிற்கிறார்கள். தணிக்கை போட்ட நிபந்தனையே ஸ்கெட்ச்சின் முடிவாகிவிட்டது. பஞ்ச் இல்லாமல் முடிப்பது சோம்பல் என்ற வாதத்துக்கு என் பதில் இந்த முடிவுதான்.

கரிசல்காடு:

இதை மறுக்க முடியாது. தேசிய கீதத்துல நிக்கிறது பிரமாதமான முடிவு.

வெண்திரை:

ஒரு சின்னச் சேர்க்கை. அந்தக் காலத்து பிபிசியில் உள்காட்சி ஸ்டூடியோவில் வீடியோ டேப்பில், வெளிக்காட்சி 16 மிமீ ஃபிலிமில். இரண்டும் திரையில் வெவ்வேறாகத் தெரியும். இரண்டாம் வரிசையில் ஒரு சங்கத்துக் கூட்டம் நடக்கும். அறையை விட்டு ஒருவர் வெளியே காலெடுத்து வைத்தால் ஃபிலிமாகிவிடுகிறார். பதறி உள்ளே வந்து, இந்த அறையை ஃபிலிம் சூழ்ந்துவிட்டது என்று அறிவிக்கிறார். எந்தக் கதவு, எந்த ஜன்னல் திறந்தாலும் ஃபிலிம். போர்க்கைதிகள் பேசுவது போலத் தப்பிக்க வழி பேசுகிறார்கள். தயாரிப்புக் குறையையே விஷயமாக்கியது அபாரம்.

அரைப்பக்கம்:

சிரிப்பொலி பற்றி யாராவது சொல்லுங்களேன். லீக் ஆஃப் ஜென்டில்மென் முதலில் சிரிப்பொலியோடு வந்தது, பிறகு இல்லை. ஏன்?

மைக்செட்:

1999-லயும் 2000-லயும் வந்த முதல் ரெண்டு வரிசைக்கு, எடுத்து முடிச்ச எபிசோடைப் பார்வையாளர்களுக்குப் போட்டுக் காட்டி சிரிப்பைப் பதிவு பண்ணாங்க. 2002-ல மூணாவது வரிசையில அதை எடுத்துட்டாங்க.

சிரிப்பொலி இருந்தா பார்க்கறவனுக்கு ஒரு அனுமதி கிடைக்குது, சிரிக்கலாம் தப்பில்லன்னு. எடுத்துட்டா அவனே முடிவு பண்ணணும். டார்க் காமெடியில அந்தத் தயக்கத்துக்கு ருசி உண்டு. ஆனா சும்மா எடுத்துட முடியாது. நேரடிப் பார்வையாளர் முன்னாடி நடிக்கும்போது நடிகர் சிரிப்பு அடங்கக் காத்திருப்பார். அந்தச் சிரிப்பை அழிச்சா இடையில பொக்கை விழும், வசனமெல்லாம் தனித்தனியா தொங்கும். அதே மாதிரி, படமா எடுத்துட்டு அப்புறம் சிரிப்பு சேக்கறதா இருந்தா, பலமான வரிக்கு அப்புறம் எதிராளியோட முகத்துல ஒண்ணு ரெண்டு வினாடி கூட வச்சு எடுத்துக்கணும். இல்லன்னா அடுத்த வரி சிரிப்புல முங்கிடும். எழுதும்போதே எந்த வழின்னு முடிவு பண்ணிடணும். எடிட்டிங்ல பாத்துக்கலாம்னு விட்டா நடக்காது.

இரண்டாம்காட்சி:

லீக் பற்றி இரண்டு விஷயம். ஜெரமி டைசன், மார்க் கேட்டிஸ், ஸ்டீவ் பெம்பர்டன், ரீஸ் ஷியர்ஸ்மித் நாலு பேர். 1997-ல் எடின்பரோவில் பெரியர் நகைச்சுவை விருது, அதே வருஷம் ரேடியோ 4, பிறகு பிபிசி2. ஸ்கெட்ச்களை எல்லாம் ராய்ஸ்டன் வேசி என்ற ஒரே கற்பனை ஊருக்குள் வைத்தார்கள். படப்பிடிப்பு டெர்பிஷயரின் ஹேட்ஃபீல்டில். ஒரே ஊர் என்பதால் எந்த ஸ்கெட்ச்சும் முடியவேண்டிய அவசியமே இல்லை. அந்த ஆள் அதே தெருவில் நாளைக்கும் இருப்பான். முடிவுப் பிரச்சினைக்கு இன்னொரு விடை.

இரண்டாவது, விளக்காமல் விடுவது. கசாப்புக்கடை ஹிலரி பிரிஸ் நம்பிக்கையான வாடிக்கையாளர்களுக்கு மட்டும் ரகசியமாக ஒரு ஸ்பெஷல் சரக்கு விற்கிறார். ஊர்க்காரர்கள் அதற்கு அடிமை. அது என்ன என்று கடைசிவரை சொல்லவே இல்லை. மனித மாமிசம் என்று சொல்லியிருந்தால் அன்றோடு முடிந்திருக்கும். சொல்லாததால் பொட்டலம் கைமாறும்போது அவர் கண்ணும் குரலும் நம்மை வேலை வாங்குகின்றன. டேவிட் மிட்செல், ராபர்ட் வெப் ஜோடி (மிட்செல் அண்ட் வெப்) செய்த பேரழிவுக்குப் பிறகான வினாடிவினாவும் இதே வகை. "நிகழ்வு" என்று மட்டும் சொல்வார்கள், என்ன நடந்தது என்று சொல்லமாட்டார்கள். வீட்டுக்குள்ளேயே இருங்கள் என்ற அறிவிப்பு, கேள்வி கேட்பவரின் வலிந்த உற்சாகம், குழந்தைகள் என்றால் என்ன என்றே நினைவில்லாத உலகம். விளக்கம் ஒரு வரி கூடினாலும் அறிவியல் புனைகதை ஆகிவிடும்.

கால்நடை மருத்துவர் சின்னரியையும் பாருங்கள். கேட்டிஸ் செய்தது. அன்பான மனிதர், அவர் கை வைத்த பிராணி எல்லாம் செத்துப்போகும். வயதான நாயைக் கருணைக்கொலை செய்ய வந்து நல்ல நாய்க்கு ஊசி போட்டுவிடுகிறார். ஒரு தடவை பார்த்தபின் அடுத்த தடவை அவர் பையோடு வாசலில் நுழைந்தாலே முடிவு நமக்குத் தெரியும். பிராணி சாகுமா என்ற கேள்வி போய், எப்படி என்ற கேள்வி வருகிறது. எழுத்தாளருக்கு அதனால் கிடைக்கும் லாபம், மரணத்தைத் தள்ளிப் போடலாம். காட்சி முழுவதும் பிராணி நலமாக இருக்க, நாம் பதறிக்கொண்டிருப்போம். சின்னரி ஒரு இடத்திலும் அலட்சியமானவர் அல்ல. அலட்சியம் காட்டினால் அவர் மேல் கோபம் வந்துவிடும், சிரிப்பு போய்விடும்.

நாலாம்சுவர்:

யாரைக் குறிவைக்கிறோம் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 2020 ஜூனில் லிட்டில் பிரிட்டன் என்ற ஸ்கெட்ச் நிகழ்ச்சியை பிபிசியின் இணையத் தளமான ஐபிளேயரும் நெட்ஃபிளிக்ஸும் நீக்கின. முகத்தில் கறுப்புச் சாயம் பூசிச் செய்த வேஷங்கள் காரணம். லீக் ஆஃப் ஜென்டில்மெனை நெட்ஃபிளிக்ஸ் நீக்கியது, பாப்பா லாசரூ பாத்திரத்துக்காக, ஐபிளேயர் வைத்துக்கொண்டது. என் பார்வையில் இரண்டும் ஒன்றல்ல. லிட்டில் பிரிட்டனில் பல இடத்தில் சிரிப்பே அந்த மனிதரின் உடலும் தோற்றமும்தான். இன்னொரு சிக்கலும் அதில் இருக்கிறது: அதே வாக்கியம் வாராவாரம். வாக்கியம் வந்ததும் கைதட்டு. மக்கள் சிரிப்பது அடையாளம் கண்ட மகிழ்ச்சியில். அங்கே இருட்டு உள்ளே வரவே முடியாது.

மறுபக்கம் மிட்செல் அண்ட் வெப்பின் எஸ்எஸ் (ஹிட்லரின் நாஜிப் படை) அதிகாரிகள் ஸ்கெட்ச், 2006. குறி சரியான இடத்தில். பதுங்குகுழியில் இரண்டு பேர். ஒருவர் தங்கள் தொப்பியில் மண்டையோடு இருப்பதை இப்போதுதான் கவனிக்கிறார். நாம் கெட்டவர்களா என்று கேட்கிறார். மற்றவர் சமாதானம் சொல்லச் சொல்ல இவர் மண்டையோட்டை விடுவதாக இல்லை. எதிரியின் மண்டையோடாக இருக்கலாமே என்கிறார் அவர், அப்படி யாரும் சொல்லவில்லையே என்கிறார் இவர். கடற்கொள்ளையர்கள் ஜாலியானவர்கள்தானே என்று கூட வாதம் வருகிறது. போர், கொலை, முகாம் என்று எதையும் காட்டவில்லை. ஒரு தொப்பிச் சின்னம், தர்க்கம், மூன்று நிமிடத்துக்குள் கதை. முடிவில் இரண்டு பேரும் ஓடிவிடுகிறார்கள். பஞ்ச் என்று சொல்ல முடியாது, ஆனால் கேள்விக்கு உடல் கொடுத்த பதில் அது.

அரைப்பக்கம்:

நீளம், பக்கக் கணக்கு யாராவது சொல்ல முடியுமா?

தெற்குவாசல்:

தோராயமாக ஒரு பக்கத்துக்கு ஒரு நிமிடம். மூன்று பக்கத்துக்கு மேல் போனால் ஒவ்வொரு பக்கத்துக்கும் காரணம் வேண்டும். கோணல் முதல் அரைப் பக்கத்துக்குள் தெரிந்துவிடவேண்டும், ஆனால் அதற்கு முன் நாலைந்து வரியாவது சாதாரண உலகம் நிற்கவேண்டும். அது இல்லாவிட்டால் விலகல் தெரியாது. பிறகு மூன்று ஏற்றம் போதும். இரண்டாவது ஏற்றமும் முதல் ஏற்றமும் ஒரே எடையில் இருந்தால் ஒன்றைத் தூக்கிவிடுங்கள். அதே விஷயம் வேறு வார்த்தையில் வருகிறது என்றால் அது ஏற்றம் இல்லை, ஜவ்வு.

எழுதி முடித்ததும் கடைசி மூன்று வரியைக் கையால் மறைத்துப் படித்துப் பாருங்கள். முக்கால்வாசி நேரம் ஸ்கெட்ச் அங்கேயே முடிந்திருக்கும். ஒரே ஒரு படிமம்தான் கையில் இருக்கிறது என்றால் அதை மூன்று நிமிடமாக இழுக்கவும் வேண்டாம். டெடிங்டன் மதகில் எடுத்த பைத்தானின் மீன் அறை நடனம் சுமார் 20 வினாடி. சின்ன மீனால் மெல்லத் தட்டுகிறார் ஒருவர், மற்றவர் பெரிய மீனால் ஒரே அறை, ஆள் தண்ணீரில். அவ்வளவுதான்.

கரிசல்காடு:

சரி, கடைசியா ஒண்ணு. இருட்டும் வேணும், கர்னல் மாதிரி தந்திரமும் வேண்டாம், ஃபேடும் வேண்டாம். நேரா முடியணும். அப்படி ஒரு ஸ்கெட்ச் காட்டுங்க.

இரண்டாம்காட்சி:

தட் மிட்செல் அண்ட் வெப் லுக், 2010, நாலாவது வரிசையின் கடைசி எபிசோடு, கடைசி ஸ்கெட்ச். முதியோர் இல்லத்தில் வயதான ஷெர்லாக் ஹோம்ஸ். வாட்சன் பார்க்க வருகிறார். ஹோம்ஸின் அனுமானங்கள் எல்லாம் தப்பு, எல்லோரும் சரி என்று தலையாட்டுகிறார்கள். முன்பாதி வழக்கமான காமெடி போலத்தான் ஓடுகிறது: ஒரே கோணல், தப்பான அனுமானம், ஒவ்வொன்றாக ஏறுகிறது. பிறகு ஹோம்ஸ் தெளிந்து, தனக்குத் தெரியும் என்கிறார், மூட்டம் மட்டும் விலக மாட்டேன் என்கிறது என்கிறார். வாட்சன் கையைப் பிடித்துக்கொள்கிறார்.

இங்கே செய்திருப்பது ஒன்றுதான். அதுவரை சிரிப்புக்குக் காரணமாக இருந்த ஆளுக்கே நிலைமை தெரியும் என்று ஆக்கிவிட்டார்கள். புதுத் தகவல், புதுத் திருப்பம் எதுவும் இல்லை.

கரிசல்காடு:

பார்த்தேன். ஒத்துக்கிறேன். ஆனா இதை எல்லாரும் பண்ணா சோக முடிவே ஃபார்முலா ஆயிடாதா?

இரண்டாம்காட்சி:

ஆகும். அதனால்தான் அதை நாலு வரிசைக்கும் சேர்த்துக் கடைசியில் வைத்தார்கள். முதல் வரிசையின் முதல் எபிசோடில் வைத்திருந்தால், அதற்குப் பிறகு வரும் ஒவ்வொரு ஸ்கெட்ச்சிலும் மக்கள் சோகத்தை எதிர்பார்த்து உட்கார்ந்திருப்பார்கள். ஒரு அரைமணி நேர எபிசோடுக்குள் கனமான முடிவு ஒன்று போதும். அதற்கு முன்னால் வருவது சத்தமாகவும் குட்டையாகவும் இருக்கட்டும்.

அரைப்பக்கம்:

எல்லோருக்கும் நன்றி. மூன்று பக்கத்தில் ஒன்று எழுதி, கடைசி மூன்று வரியை வெட்டிவிட்டு இங்கே போடுகிறேன். மைக்செட், சிரிப்பொலி இல்லாமல் படமாக எடுப்பதாக வைத்துக்கொண்டு பார்த்துச் சொல்லுங்கள்.

மைக்செட்:

போடுங்க. எங்கெங்க நிறுத்தி மூச்சு விடணும்னு வசனத்துல குறிச்சே போடுங்க, அப்பத்தான் நீளம் சரியாத் தெரியும்.